ஐந்து கதவு, ஒரு பொய்: பென் டிராவர்ஸின் பட்டறை

ஆங்கில நகைச்சுவை நாடகாசிரியர் பென் டிராவர்ஸ் நாடகம் எழுதப் பழகிய இடம் மலாக்கா. 1886இல் லண்டனை ஒட்டிய ஹெண்டனில் பிறந்தவர். குடும்பத்துக்கு மொத்த மளிகை வியாபாரம். பையனுக்கு அதில் மனம் ஒட்டவில்லை. 1908இல் சிங்கப்பூர்க் கிளைக்கு அனுப்பினார்கள், அங்கிருந்து மலாக்காவுக்கு. ஊர் நூலகத்தில் ஆங்கில நாடகாசிரியர் ஆர்தர் விங் பினெரோவின் நாடகங்கள் வரிசையாக இருந்தன. டிராவர்ஸ் அவற்றைக் கதைக்காகப் புரட்டவில்லை. ஒரு காட்சியில் எத்தனை வசனம், ஒரு சிக்கல் எப்படி மெல்ல மெல்லக் கட்டப்படுகிறது, உச்சத்துக்கு முன் எவ்வளவு பேச்சு செலவாகிறது என்று எண்ணி எண்ணிக் குறித்தார். பின்னாளில் லண்டனையே சிரிக்க வைத்தவருக்குக் கிடைத்த நாடகப் பள்ளி அவ்வளவுதான்.

1911இல் ஊர் திரும்பி ஒரு பதிப்பகத்தில் வேலை, முதல் உலகப் போரில் கடற்படையின் விமானப் பிரிவு, பிறகு நகைச்சுவை நாவல்கள். இந்த இடத்தை வேகமாகத் தாண்டிவிடலாம். இலங்கை மலையகத்தில் நம்மைப் போல் தோட்டத்து மண்டபத்தில் நாடகம் போடுகிறவர்களுக்கு வேண்டியது அவர் எண்ணிய அந்த எண்ணிக்கைதான்.

அதை நாமும் செய்யலாம். அச்சில் வந்த நல்ல நகைச்சுவை ஓரங்க நாடகம் ஒன்றை எடுங்கள். சீ.ஆர். கொப்பியில், அதாவது பெரிய நோட்டுப் புத்தகத்தில், நான்கு நிரல் கோடு போடுங்கள். முதல் நிரலில் வசன எண். இரண்டாவதில் அந்த நேரம் மேடையில் நிற்பவர்கள். மூன்றாவதில் யாராவது உள்ளே வந்தாலோ வெளியே போனாலோ ஒரு குறி. நான்காவதுதான் முக்கியம்: அந்த வசனத்தால் யாருக்கு என்ன புதிதாகத் தெரிந்தது. நாடகம் முழுவதையும் இப்படி நிரப்பியபின் மூன்றாம், நான்காம் நிரல்களை மட்டும் மேலிருந்து கீழே பாருங்கள். நன்றாகக் கட்டிய நாடகத்தில் வெற்றிடம் நீளாது. இருபது வசனத்தை வரம்பாக வைத்துக்கொள்ளுங்கள். இருபது வசனம் போயும் ஒருவரும் வரவில்லை, போகவில்லை, ஒன்றும் புதிதாகத் தெரியவில்லை என்றால் அந்த இடத்தில்தான் மண்டபத்தின் பின்வரிசை எழுந்து வெற்றிலை போடப் போகும். உங்கள் சொந்தப் பிரதிக்கும் இதே அட்டவணையைப் போடுங்கள். வசனம் எவ்வளவு சுவையாக இருக்கிறது என்பதைப் பிறகு பார்க்கலாம்.

நம் பிரதிகளில் வெற்றிடம் நீளுவதற்குக் காரணம் உண்டு. காமன் கூத்திலும் பொன்னர் சங்கரிலும் அருச்சுனன் தபசிலும் சிரிப்பு வெளியிலிருந்து வரும். கோமாளி வருவார், கதை நிற்கும், அவர் பேசி முடித்ததும் கதை தொடரும். விடியவிடிய நடக்கும் கூத்துக்கு அது பொருந்தும், பார்ப்பவருக்கும் இளைப்பாறல். நாற்பது நிமிட நாடகத்தில் அப்படிக் கதையை நிறுத்தினால் மறுபடி கிளப்பவே ஐந்து நிமிடம் போகும். டிராவர்ஸிடம் கோமாளி என்று தனியாக ஒருவர் இல்லை. கதையில் மாட்டிக்கொண்ட மனிதர்தான் சிரிப்பு மூட்டுகிறார், அவரோ சிரிக்கும் நிலையில் இல்லை.

அவருடைய பெரும் வெற்றி 1925 ஜூலையில் லண்டன் ஓல்ட்விச் அரங்கில் தொடங்கிய 'அ குக்கூ இன் த நெஸ்ட்'. 376 காட்சிகள் ஓடியது. மணமான ஒருவனும் அவனுடைய பழைய சிநேகிதியும் ரயிலைத் தவறவிடுகிறார்கள், அவன் மனைவி மட்டும் ரயிலோடு போய்விடுகிறாள். இவர்கள் பிடித்த கார் வழியில் பழுதாகிறது. இரவு, ஒரு கிராமத்து விடுதி, ஒரே ஒரு அறை. விடுதிக்காரியோ ஒழுக்கத்தில் நெருப்பு. புருஷன் பெண்சாதி என்று சொன்னால்தான் அறை. சொல்கிறார்கள். அதற்குள் மனைவியின் வீட்டார் தேடி வருகிறார்கள்.

இந்தக் கட்டமைப்பில் கவனிக்க வேண்டியது, இருவரும் குற்றம் செய்யவில்லை என்பது பார்ப்பவருக்கு முதலிலிருந்தே தெரியும். மேடையில் உள்ளவர்களுக்குத்தான் தெரியாது. முன்வரிசையில் அப்பாயியும் பேரப்பிள்ளைகளும் உட்கார்ந்திருக்கும் தோட்டத்து மண்டபத்துக்கு இதைவிடப் பாதுகாப்பான வழி இல்லை. ஆபாசமாக ஒரு சொல் வேண்டாம், பயமே போதும்.

இதே அச்சில் நம் ஊரில் ஒரு கதை வார்த்துப் பார்ப்போம். மணமாகி மூன்று மாதமான கணக்கப்பிள்ளை. மனைவியின் சிநேகிதியான தோட்டத்து மருத்துவமாது. இருவரும் கண்டியில் வெவ்வேறு வேலை முடித்து ஹட்டனுக்கு ஒரே பஸ்ஸில் வருகிறார்கள். கினிகத்தேனைப் பக்கம் மண்சரிவு, பாதை மூடியாயிற்று. தங்கும் விடுதியில் ஒரே அறை. மழைமாதத்தில் இதை நம்பாத மலையகத்தான் கிடையாது, அதனால் மண்சரிவுக்கு ஒரு வரி விளக்கம்கூட வேண்டாம். ரயிலைத் தவறவிட்டதுக்கும் கார் பழுதானதுக்கும் டிராவர்ஸ் பாடுபட வேண்டியிருந்தது, நமக்கு மழையே செய்து தருகிறது.

ஆனால் 1925இல் இல்லாத இரண்டு ஓட்டைகள் இன்று உண்டு. முதலாவது கைத்தொலைபேசி. 'வீட்டுக்கு ஒரு கோல் எடுத்துச் சொல்லலாமே' என்று மண்டபத்தில் ஒருவர் சத்தமாகக் கேட்டால் நாடகம் அங்கேயே முடிந்தது. அதற்கான விடையைச் சிக்கல் தொடங்குமுன், அது ஒரு விடை என்று தெரியாதபடி வைக்க வேண்டும். பஸ்ஸிலேயே மருத்துவமாதின் போனில் பற்றரி போய்விடுகிறது. கணக்கப்பிள்ளையின் போனுக்கு விடுதியின் ஒரே ஒரு ஜன்னலில்தான் சிக்னல், அதுவும் கையை வெளியே நீட்டினால். இப்போது ஓட்டை அடைபட்டதோடு ஒரு சிரிப்புச் சாமானும் கிடைத்துவிட்டது: மழையில் ஜன்னலுக்கு வெளியே பாதி உடம்பு தொங்க மனைவியிடம் பொய் சொல்லும் மனிதன். சிக்கல் தொடங்கியபின் 'ஐயோ சிக்னல் இல்லையே' என்று போட்டால் எழுதியவரின் கஷ்டம் வெளியே தெரிந்துவிடும்.

இரண்டாவது அடையாள அட்டை. விடுதியில் அட்டை கேட்பார்கள், பெயரும் முகவரியும் வெளிப்படும். இதை மறைக்காதீர்கள், பாவியுங்கள்.

விடுதியம்மா: ரெண்டு பேரும் ஒரே வீடா தம்பி?
கணக்கப்பிள்ளை: ஒரே தோட்டங்க அம்மா.
விடுதியம்மா: நான் தோட்டத்தையா கேட்டேன்?
கணக்கப்பிள்ளை: ...இப்பதான் கல்யாணம். அட்டை மாத்தலங்க.
விடுதியம்மா: எப்போ கல்யாணம்?
கணக்கப்பிள்ளை: ஆவணியில.
மருத்துவமாது: (அதே நேரம்) தையில.

முதல் பதில் பொய்யே அல்ல, நழுவல். பொய் நான்காவது வசனத்தில்தான் வருகிறது. நேராகப் பொய்யில் தொடங்கினால் அவன் கெட்டிக்காரன் ஆகிவிடுவான், கெட்டிக்காரன் மாட்டும்போது யாருக்கும் பதைக்காது. நல்லவன் நழுவி நழுவி வந்து வேறு வழியில்லாமல் ஒரு பொய் சொல்ல வேண்டும். அதன்பின் நாடகத்தில் வரும் எல்லாப் பொய்யும் அந்த முதல் பொய்யைக் காப்பாற்றவே வர வேண்டும். புதிதாக, அதோடு ஒட்டாத இன்னொரு பொய் வந்தால் பார்ப்பவர் கணக்குத் தவறி விட்டுவிடுவார். அட்டவணையின் நான்காம் நிரல் இதற்குத்தான் உதவும்: எந்தப் பொய் யாரிடம் சொல்லப்பட்டது, யாருக்கு உண்மை தெரியும். எழுதுகிறவருக்கே அது மறந்துபோவதுதான் கேலிக்கூத்து நாடகங்களில் அடிக்கடி நடக்கும் விபத்து.

இன்னொன்று, சிரிப்பைக் கிளப்பும் சொல் வசனத்தின் கடைசியில் விழ வேண்டும். அதற்குப் பிறகு நான்கு சொல் வந்தால் அந்த நான்கையும் சிரிப்பு விழுங்கும், அல்லது அவை சிரிப்பை விழுங்கும். 'மாமா வாசலில் வந்து நிற்கிறார்' என்பதைவிட 'வாசல்ல நிக்கிறது யாருன்னு பாருங்க... மாமா' மேடைக்கு ஏற்றது.

1926இல் 'ருக்கரி நுக்' 409 காட்சிகள், 1927இல் 'தார்க்' 401, 1928இல் 'பிளண்டர்' 344. ஓல்ட்விச் வரிசை என்று பெயரெடுத்த பன்னிரண்டு நாடகங்களில் ஒன்பது டிராவர்ஸுடையவை. இவ்வளவு விரைவாக எழுத முடிந்ததற்கு ஒரு காரணம், நடிகர்கள் மாறவில்லை. டொம் வோல்ஸ் என்றால் கூச்சமில்லாத போக்கிரி, நாடகங்களை இயக்கியவரும் அவரே. ரால்ஃப் லின் ஒற்றைக்கண் கண்ணாடி போட்ட அசட்டு இளைஞன், நினைத்த நேரத்தில் சொந்தமாக வசனம் விடுவதில் சூரன். ரொபர்ட்சன் ஹெயார் எல்லோரிடமும் குட்டுப்படும் மொட்டைத் தலை அப்பாவி, காற்சட்டை பறிபோவது பெரும்பாலும் அவருக்குத்தான். மேரி பிரஃப் உறுமும் விடுதிக்காரி அல்லது வீட்டு வேலைக்காரி. வினிஃப்ரெட் ஷொட்டர் சிக்கலுக்குக் காரணமாகும் இளம்பெண். திரை உயர்ந்ததும் ஹெயாரைக் கண்டாலே இவருக்கு ஏதோ நடக்கப் போகிறது என்று லண்டன் ரசிகருக்குத் தெரியும். அறிமுகத்துக்குப் பத்து வசனம் மிச்சம்.

தோட்டத்து மன்றத்துக்கும் இதே வசதி உண்டு. நடிகர் யார் என்று ஊருக்கே தெரியும். கொழுந்து நிறுக்கும் இடத்தில் கறாராக இருக்கும் மனிதரை மேடையில் மனைவிக்குப் பயந்தவராகப் போட்டால், அவர் வாய் திறக்குமுன்னே பாதிச் சிரிப்பு கையில். ஆகவே கதையை எழுதிவிட்டு ஆள் தேடாதீர்கள். கிடைக்கும் ஐந்தாறு பேரை எழுதி வைத்துக்கொண்டு, யாருக்கு எது நடந்தால் தாங்கமாட்டார் என்று யோசித்துக் கதை கட்டுங்கள். ஒரு எச்சரிக்கை: உண்மையாகவே அவருக்கு வலிக்கும் விசயத்தைத் தொடக்கூடாது. மேடையில் சொன்னது மறுநாள் காலை வேலைக்கு ஆள் பிரிக்கும் பெரட்டில் தொடரும்.

இனிக் கதவு. இந்த வகை நாடகத்துக்குக் கதவுதான் முதலீடு. லயக் காம்பராவில், அதாவது தோட்டத் தொழிலாளர் வரிசை வீட்டு அறையில், இதை நடத்த முடியாது. பத்துக்குப் பன்னிரண்டு அடியில் முன்னே ஒரு வாசல் மட்டும் என்றால் ஒளிய இடமே இல்லை. உத்தியோகத்தர் குவார்ட்டர்ஸ், வாடிவீடு, கல்யாண மண்டபத்தின் பின்னறை என்று கதைக்களத்தைத் தெரிவு செய்யுங்கள். நம் மேடைகளின் அகலத்துக்கு மூன்று கதவும் ஒரு ஜன்னலும் ஒரு பெரிய அலுமாரியும் போதும், சேர்த்தால் ஐந்து வழி. எந்தக் கதவு எங்கே போகிறது என்பது முதல் பத்து நிமிடத்துக்குள் பார்ப்பவருக்கு மனப்பாடமாக வேண்டும். அதற்கு ஒவ்வொரு கதவையும் சிக்கல் தொடங்குமுன் ஒருமுறையாவது சும்மா பாவித்துக் காட்டுங்கள்: குசினியிலிருந்து தேத்தண்ணி வருகிறது, குளியலறையிலிருந்து தலை துவட்டியபடி ஒருவர் வருகிறார்.

கதவுச் சட்டம் ஆறரை அடி உயரம், இரண்டரை அடி அகலம் இருக்கட்டும். கதவு மேடைக்கு வெளிப்பக்கமாகத் திறக்க வேண்டும், கீல் மேடையின் பின்பக்கத்தில். அப்போதுதான் வருபவரை முகத்தோடு பார்க்கலாம், திறந்த கதவே பின்னணியில் நிற்பவர்களையும் மறைக்கும். உள்ளே திறக்கும்படி மாட்டினால் வெளியேறும் ஒவ்வொரு தடவையும் நடிகர் ஒரு அடி பின்வாங்கிக் கதவைச் சுற்ற வேண்டும், வேகம் போய்விடும்.

அடித்துச் சாத்தும்போது சுவர் முழுவதும் ஆடுவது நம் மேடைகளில் வழக்கமான கேவலம். சட்டத்தைத் தரையில் மட்டும் நிறுத்துவதால் அது நடக்கிறது. ஒவ்வொரு கதவுச் சட்டத்துக்கும் பின்னால் சரிவாக இரண்டு முட்டுக் கம்பு கொடுத்து, அதன் அடியில் பதினைந்து கிலோ மணல் மூட்டை வையுங்கள். கீழே வாசற்படிக்குப் பதில் தட்டையான இரும்புப் பட்டை ஒன்று சட்டத்தின் இரண்டு காலையும் இணைக்கட்டும். மரக்குற்றி வைத்தால் யாராவது தடுக்கி விழுவார். அடுத்தது மலையக ஈரம். தலவாக்கலையிலோ நுவரெலியாவிலோ முதல் நாள் சரியாகச் சாத்திய ப்ளைவூட் கதவு மறுநாள் மாலைக்குள் ஊதிப்போய் இறுகிவிடும். சுற்றிவரக் கால் அங்குல இடைவெளி விட்டே அறுக்க வேண்டும், ஓரங்களுக்கும் பெயின்ட் அடிக்க வேண்டும். தாழ்ப்பாள் வேண்டாம், காந்தப் பிடி போதும். பூட்டியிருப்பதாகக் கதையில் வந்தால் நடிகர் கைப்பிடியை உலுக்கி நடிக்கட்டும். உண்மையாகப் பூட்டினால் ஒருநாள் திறக்காது.

உடை மாற்ற வேண்டிய நடிகர் இருந்தால் நேரத்தைக் கணக்குப் பாருங்கள். குறுவசனம் ஒன்றுக்கு மூன்று வினாடி. சட்டையும் சாரமும் மாற்ற நாற்பது வினாடி என்றால் மேடையில் குறைந்தது பதினான்கு வசனம் ஓட வேண்டும், அதில் எதுவும் அவர் இல்லாமல் நகராத விசயமாக இருக்கக்கூடாது.

தகரக் கூரைக்கும் ஒரு வார்த்தை. பெருமழை அடித்தால் வசனம் ஒன்றும் கேட்காது, ஒலிவாங்கி வைத்தாலும் மழை அதைவிடப் பெரிய ஒலிபெருக்கி. கதையைப் புரிந்துகொள்ளக் கட்டாயம் தேவையான செய்தி எதையும் வசனத்தில் மட்டும் வைக்காதீர்கள். ஒரு கடிதம், ஈரக் குடை, மாறிப்போன செருப்பு என்று கண்ணுக்கும் தெரியட்டும். டிராவர்ஸின் 'ருக்கரி நுக்'கில் இரவில் வந்து அடைக்கலம் கேட்கும் பெண் நித்திரை உடையோடு நிற்கிறாள். அவளைப் புதிதாக மணமான ஒருவன் தனியாக இருக்கும் வீட்டில் கண்டால் அக்கம்பக்கம் என்ன நினைக்கும் என்று ஒருவரும் சொல்லத் தேவையில்லை.

இனித் திரை. 1930இல் 'ருக்கரி நுக்' பேசும்படமாக வந்தது. இயக்கியவரும் நடித்தவரும் வோல்ஸ்தான், அதே கோஷ்டி. தொடக்ககாலப் பேசும்படம் என்பதால் கெமரா ஏறக்குறைய ரசிகரின் ஆசனத்திலேயே உட்கார்ந்துவிட்டது. படம் நன்றாக ஓடியது, மற்ற நாடகங்களும் ஒன்றன்பின் ஒன்றாகத் திரைக்குப் போயின. பிறகு 'ஃபைட்டிங் ஸ்டொக்' (1935) போன்ற கதைகளைத் திரைக்கென்றே எழுதினார்.

மேடையில் நகைச்சுவை நடிகர் சிரிப்பு அடங்கக் காத்திருப்பார். முழுவதும் அடங்கும்வரை அல்ல, மூன்றில் ஒரு பங்காகத் தணிந்ததும் அடுத்த வசனம். ஸ்டூடியோவில் சிரிக்க ஆளில்லை. இடைவெளி விட்டால் ஆள் குறைந்த தியேட்டரில் படம் செத்துக் கிடக்கும், விடாவிட்டால் நிறைந்த தியேட்டரில் அடுத்த வசனம் சிரிப்பில் மூழ்கும். நாடகத்தைக் கைத்தொலைபேசியில் பிடித்து யூடியூப்பில் போடும் குழுக்களுக்கும் இதே தொல்லை. சிரிப்பு வசனத்துக்குப் பிறகு பேச்சில்லாத சிறு செயல் ஒன்றை எழுதி வையுங்கள்: செருப்பை எடுத்துப் பார்ப்பது, கதவு தானாகத் திறப்பது, ஒரு முழிப்பு. சிரிப்பு வந்தால் அதைத் தாங்கும், வராவிட்டாலும் வெறுமையாகத் தெரியாது.

திரை டிராவர்ஸுக்குப் பணம் தந்தது, ஓல்ட்விச்சைக் கரைத்தது என்பது என் கணிப்பு. காட்சி எண்ணிக்கையைப் பாருங்கள்: 1931இல் 'டர்க்கி டைம்' 263, 1932இல் 'டேர்ட்டி வேர்க்' 195, 1933இல் ஓல்ட்விச் வரிசையின் கடைசி நாடகமான 'அ பிட் ஒஃப் அ டெஸ்ட்' 142. அதே முகங்களைப் பக்கத்துத் தியேட்டரில் மலிவு விலையில் பார்க்கலாம் என்றால் ஓல்ட்விச்சுக்கு யார் டிக்கட் எடுப்பார்? வோல்ஸின் கவனமும் படத்துக்கும் குதிரைக்கும் போயிற்று. அவருடைய 'ஏப்ரல் த ஃபிப்த்' என்ற குதிரை 1932இல் எப்சம் டேர்பியை வென்றது. நுவரெலியா ஏப்ரல் ரேஸில் காசு விட்டவர்கள் அவரை மன்னிப்பார்கள்.

1938இல் எழுதிய 'பனானா ரிட்ஜ்' நம்மவர் கண்ணில் வேறுமாதிரிப் படும். மலாயா இறப்பர் தோட்டப் பின்னணி. ஒரு வாலிபனுக்கு இரண்டு பெரிய மனிதர்களில் யார் தகப்பன் என்பது சிக்கல். பங்களாவின் சீன வேலைக்காரன் 'வுன்' பாத்திரத்தில் டிராவர்ஸே நடித்தார். மலாக்காவில் பழகிய பேச்சு மலாய் அதற்குக் கைகொடுத்தது. கட்டமைப்பில் குறை சொல்ல முடியாது. ஆனால் தோட்டம் என்றால் துரையும் பங்களாவும் வேலைக்காரனும்தான். அந்த இறப்பர் மரங்களில் பால் வெட்டிய தமிழர்களின் லயங்களில் இதைவிடப் பெரிய வேடிக்கைகள் நடந்திருக்கும். அந்தப் பக்கத்தை எழுத அவருக்குத் தெரியாது. நமக்குத் தெரியும்.

1951இல் மனைவி இறந்தபின் அவர் எழுதியது குறைவு. 1970இல் பி.பி.சி. தொலைக்காட்சி பழைய நாடகங்களை ஆர்தர் லோவையும் ரிச்சர்ட் பிரையர்ஸையும் வைத்து மறுபடி எடுத்தது. அதற்கு முன்பே, 1968இல், பிரித்தானியாவில் மேடைத் தணிக்கை நீங்கியிருந்தது. முன்பு காற்சட்டையைக் கழற்றுவதோடு நிறுத்திக்கொண்டவர், 1975இல் 89 வயதில், 'த பெட் பிஃபோர் யெஸ்டர்டே' என்று நடுவயதுப் பெண் ஒருத்தியின் ஆசையைப் பற்றி ஒளிவுமறைவின்றி எழுதினார். முக்கிய வேடத்தில் ஜோன் பிளவ்ரைட். அடுத்த வருடம் தேசிய அரங்கு 'பிளண்டர்' நாடகத்தை மீண்டும் மேடையேற்றியது. 1980 டிசம்பரில் 94 வயதில் இறந்தார். அவருடைய கிரிக்கெட் நினைவுகள் அடுத்த வருடம் '94 டிக்ளேர்ட்' என்ற பெயரில் வந்தன.

அவர் நாடகம் எதையாவது தமிழாக்கி மேடையேற்ற நினைப்பவர்களுக்கு: பிரித்தானியாவிலும் இலங்கையின் 2003ஆம் ஆண்டுப் புலமைச் சொத்துச் சட்டத்தின்படியும் எழுதியவர் இறந்து எழுபது வருடம்வரை உரிமை நீடிக்கும். அதாவது 2050 முடியும்வரை, மொழிபெயர்க்கவும் தழுவவும் உரிமையாளரின் எழுத்து மூல அனுமதி வேண்டும், டிக்கட் இல்லாத காட்சியானாலும் கேட்டுவிடுவது நல்லது. வழியில் மாட்டிய இருவர், ஒரு அறை, ஒரு பொய் என்ற பொதுவான முடிச்சு யாருக்கும் சொந்தமில்லை. வசனத்தையும் பாத்திரங்களையும் காட்சி வரிசையையும் எடுக்காமல் உங்கள் மண்சரிவையும் உங்கள் கணக்கப்பிள்ளையையும் வைத்து எழுதுவதற்கு எவரிடமும் கடிதம் வாங்கத் தேவையில்லை.